மத்தியானக் கட்டும் நவம்பர் இருட்டும்

கேள்வி: பத்தாம் வகுப்பு அரையாண்டுத் தமிழ்த் தாள் திருத்துகிறேன். நெடுவினா ஒன்றுக்குக் காலையில் 7 போட்டேன். மத்தியானம் அதே தரத்துப் பதிலுக்கு 5. கையெழுத்து முத்துமுத்தாக இருந்தால் கை தாராளமாகிறதோ என்றும் சந்தேகம்.
– ஆசிரியை, தஞ்சாவூர்

பதில்: ஆகத்தான் செய்யும். 1920-லேயே அமெரிக்க உளவியலாளர் எட்வர்ட் தார்ண்டைக் இதைக் காட்டினார்: படைவீரனின் உடற்கட்டுக்கு நல்ல மதிப்பு கொடுத்த அதிகாரிகள், அவன் அறிவுக்கும் குணத்துக்கும் சேர்த்தே ஏற்றிப் போட்டிருந்தார்கள்.

பெயர் தெரியாதபடி முகப்புத்தாளைப் பின்னால் மடித்துவிடுங்கள். தாள் தாளாகத் திருத்தாமல், ஒரே நெடுவினாவை மொத்தக் கட்டிலும் முடித்துவிட்டு அடுத்ததற்குப் போங்கள். மதிப்பெண்ணைத் தனித்தாளில் குறியுங்கள். முந்தைய 7 கண்ணில் பட்டால் அடுத்ததும் 7-ஐ ஒட்டியே விழும். பிரமாதமான தாளுக்குப் பின்னால் வரும் சுமாரான தாள் அடிவாங்கும். எல்லா வினாவிலும் அது ஒரே பிள்ளைக்கு நேராமலிருக்க, ஒவ்வொரு சுற்றுக்கும் கட்டைக் கலைத்து அடுக்குங்கள்.

மதியம் 1 முதல் 3 வரை வரும் மந்தத்துக்குச் சாப்பாட்டை மட்டும் திட்டாதீர்கள். பட்டினி கிடந்தாலும் வரும், உடலின் கடிகாரம் அப்படி. அந்நேரத்துக்கு ஒரு மதிப்பெண் வினாக்கள் போதும். கடைசியில், முதலில் திருத்திய ஐந்து தாள்களை மறுபடி பாருங்கள். ஒன்றுக்கு மேல் வித்தியாசம் வந்தால் ஓட்டை விடைக்குறிப்பில்: கருத்துக்கு 4, மேற்கோளுக்கு 2, அமைப்புக்கு 2 என்று பிரித்திருக்க மாட்டீர்கள்.

(பரோல் மனுக்களை விசாரிக்கையில், இடைவேளை நெருங்க நெருங்க நீதிபதிகள் கடுமையாகிறார்கள் என்ற 2011 இஸ்ரேல் ஆய்வை இதற்குச் சாட்சி இழுக்க வேண்டாம். இடைவேளைக்கு முன் கடைசியில் வந்தவர்களில் வக்கீல் இல்லாத கைதிகளே அதிகம், அவர்களுக்குப் பரோல் கிடைப்பது எப்போதுமே குறைவு என்று அதே ஆண்டில் மறுப்பு வந்துவிட்டது.)

கேள்வி: டொராண்டோவில் இரண்டாவது குளிர்காலம். நவம்பரில் மணி மாற்றியதும் ஐந்துக்கே இருட்டு, மனசும் சேர்ந்து இருண்டுவிடுகிறது. வெளிச்ச விளக்கு வாங்கலாமா?
– வாசகர், டொராண்டோ

பதில்: வாங்கலாம். '10,000 லக்ஸ்' (லக்ஸ் என்பது வெளிச்சத்தின் அளவு) என்பதோடு, எத்தனை செ.மீ. தூரத்தில் என்றும் பெட்டியில் பாருங்கள். 30 செ.மீ.க்குச் சொன்னதை 60-இல் வைத்தால் கிடைப்பது ஏறக்குறையக் கால்வாசி. எழுந்த ஒரு மணி நேரத்துக்குள், 20–30 நிமிடம், சற்றுப் பக்கவாட்டில் வையுங்கள். உற்றுப் பார்க்கத் தேவையில்லை. வேலை முடிந்து வந்து மாலையில் போட்டால் தூக்கம் தள்ளிப்போகும். விழித்திரை நோயோ இருமுனை மனநோயோ இருந்தால் மருத்துவரைக் கேட்காமல் தொடாதீர்கள்; சோர்வு இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தாலும் அவரிடம்தான் போக வேண்டும். காசில்லாத வழியும் உண்டு: மேகம் மூடிய பகலிலும் வெளியே ஆயிரக்கணக்கான லக்ஸ், வீட்டுக் கூடத்தில் சில நூறுதான். மதிய இடைவேளையில் அரை மணி நடந்துவிட்டு வாருங்கள்.