இனப் பாகுபாட்டைப் பற்றி நகைச்சுவையால் வெளிப்படையாகப் பேச முடியுமா?

முடியும் என்றே உறுதியாக நம்புகிறேன். அந்த நம்பிக்கையை எனக்குத் தந்தவர் அமெரிக்கக் கறுப்பின நகைச்சுவையாளர் டிக் கிரெகரி. 1961 ஜனவரியில் சிகாகோவின் பிளேபாய் கிளப்பில் அவர் மேடையேறியபோது, எதிரே இருந்தவர்களில் பலர் தென் மாநிலங்களிலிருந்து வந்திருந்த வெள்ளையின வணிகர்கள். அவர்கள் ஊரில் நடக்கும் அநீதியை அவர்களிடமே சொற்பொழிவாக எடுத்துரைத்திருந்தால் எத்தனை பேர் உட்கார்ந்து கேட்டிருப்பார்கள்? கிரெகரி அதை நகைச்சுவையாகச் சொன்னார். அவர்கள் இருந்து கேட்டார்கள், சிரித்தார்கள்.

அவர் சொன்ன ஒரு துணுக்கு இது: தெற்கே, கறுப்பினத்தவருக்குப் பரிமாற மறுத்த ஓர் உணவகத்தில் மாதக்கணக்கில் உள்ளிருப்புப் போராட்டம் நடத்தினாராம், கடைசியில் கடைக்காரர்கள் இணங்கிப் பரிமாற வந்தபோது, அவர் கேட்ட பண்டம் அங்கே இல்லையாம். வட கரோலினாவின் கிரீன்ஸ்பரோவில் 1960 பிப்ரவரியில் நான்கு கறுப்பின மாணவர்கள் தொடங்கிய இத்தகைய போராட்டம் தென் மாநிலங்களெங்கும் பரவியிருந்த காலம் அது. இங்கே கேலிக்கு ஆளாவது போராடியவர் அல்லர், ஒரு வேளைச் சாப்பாட்டை மறுப்பதற்கு அவ்வளவு பாடுபட்ட அந்த ஏற்பாடுதான். இதைக் கேட்டுச் சிரிக்க வேண்டுமானால், அப்படியோர் அநீதி இருக்கிறது என்பதை மனத்துக்குள் முதலில் ஒப்புக்கொண்டாக வேண்டும்; வாதாடிப் பெறுவதற்கு மிகக் கடினமான ஒப்புதல் அது. ஆனால் மேடைப் பேச்சே போதும் என்று கிரெகரி இருந்துவிடவில்லை; 1963இல் அலபாமா மாநிலத்தின் பர்மிங்ஹாமில் இனப் பாகுபாட்டை எதிர்த்து நடந்த போராட்டத்தில் கலந்துகொண்டு சிறை சென்றார்.

இதில் உண்மையான ஆபத்தும் உண்டு. சிரிப்பவர் எதைக் கண்டு சிரிக்கிறார் என்பது சொல்பவரின் கையில் இல்லை. இன்னொரு அமெரிக்கக் கறுப்பின நகைச்சுவையாளரான டேவ் சாப்பல் 2003 முதல் தம் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் இனவெறியைத் துணிந்து பகடி செய்தவர். கறுப்பினத்தவரைக் கேலி செய்யப் பயன்பட்ட பழைய மேடை வழக்கப்படி முகத்தில் கறுப்பு மை பூசி நடித்த ஒரு காட்சியின் படப்பிடிப்பில் வெள்ளையர் ஒருவர் சிரித்த விதம் தம்மை உறுத்தியதாக 2006இல் தொலைக்காட்சித் தொகுப்பாளர் ஓப்ரா வின்ஃப்ரேயிடம் அவர் கூறினார். தம் இனத்தாரோடு சேர்ந்து சிரிப்பதற்கும் அவர்களைப் பார்த்துச் சிரிப்பதற்கும் உள்ள வேறுபாடு அந்த ஒரு சிரிப்பில் அவருக்குத் தெரிந்துவிட்டது. ஏறத்தாழ 5 கோடி டாலர் ஒப்பந்தம் இருந்தும் 2005இல் அவர் நிகழ்ச்சியை விட்டு விலகியதற்கு வேறு காரணங்களும் இருந்திருக்கலாம். ஆயினும், பணத்தை உதறிய பைத்தியக்காரத்தனம் என்று அதைப் பலர் பேசியது எனக்கு இன்றும் வருத்தம் தருகிறது. தம் சொல் யாரைக் காயப்படுத்தக்கூடும் என்று கவலைப்பட்ட ஒரு கலைஞரின் பொறுப்பையே நான் அதில் காண்கிறேன்.