ரிப்போர்ட் நார்மல், உடம்பு மட்டும் எழவில்லை

கேள்வி: எட்டு மாதமாகக் களைப்பு. தூங்கி எழுந்தாலும் தெம்பில்லை. டெஸ்ட் எல்லாம் நார்மல். நாட்பட்ட களைப்பு நோய் என்கிறார் டாக்டர். தினமும் நடையைக் கூட்டினால் சரியாகிவிடும் என்கிறார்கள் வீட்டில். நடந்தால் மறுநாள் படுக்கைதான். நான் சோம்பேறியா?

பதில்: இல்லவே இல்லை. செய்யும்போது சமாளித்துவிட்டு, மறுநாளோ அதற்கடுத்த நாளோ சுருண்டு விழுவதுதான் இந்த நோயின் முக்கிய அடையாளம். இதை உறுதிசெய்யத் தனி ரத்தப் பரிசோதனை கிடையாது. ரிப்போர்ட் நார்மல் என்றால் ரத்தசோகை, தைராய்டு மாதிரி வேறு காரணம் தென்படவில்லை என்றுதான் பொருள். இதை விளக்க ஐந்து நிமிடம் போதும். அதைக்கூடச் செய்யாமல் 'எல்லாம் டென்ஷன்தான்' என்று அனுப்பிவிடுகிறார்கள். எத்தனை வருஷமாக இதையே சொல்லிக் கத்துவது!

நடையைக் கூட்டவே வேண்டாம். படிப்படியாக உடற்பயிற்சியை ஏற்றும் சிகிச்சையை இந்த நோய்க்குத் தரக்கூடாது என்று பிரிட்டனில் சிகிச்சை வழிகாட்டுதல்களை வகுக்கும் நைஸ் (NICE) அமைப்பு 2021-லேயே சொல்லிவிட்டது. வீட்டாரிடம் இதைச் சொல்லுங்கள்.

இரண்டு வாரம் செய்த வேலையையும் விழுந்த நாளையும் குறித்து வையுங்கள். உங்கள் எல்லை தெரியும். அதற்குக் கீழேயே நிறுத்துங்கள். ஸ்டூலில் உட்கார்ந்து குளியுங்கள், உட்கார்ந்தே காய் நறுக்குங்கள். நீண்ட போன் பேச்சும் கணக்கு எழுதுவதும்கூட உழைப்புத்தான். உடம்பு லேசாக இருக்கும் நாளில்தான் ஆபத்து அதிகம்: விட்டுப்போன துணி, அலமாரி எல்லாவற்றையும் ஒரேயடியாக முடித்துவிட்டு மூன்று நாள் கிடப்பீர்கள்.

அடுத்து, நச்சு நீக்கும் பேக்கேஜ், சக்தி பவுடர், முழு உடல் டெஸ்ட் என்று தேடி வருவார்கள். இந்த நோயைக் குணப்படுத்தும் மருந்து எதுவும் இன்றுவரை இல்லை. 'கேரண்டி' என்ற வார்த்தை காதில் விழுந்ததுமே எழுந்து வந்துவிடுங்கள். முன்பணம் கேட்டாலும் அப்படியே. தெரிந்தவர் அனுப்பிய ஆள் என்றாலும் அப்படியே. அனுப்பியவருக்கு கமிஷன் போகிறதா என்று கேட்டுப் பாருங்கள்.

எழுந்து நின்றால் தலை சுற்றி, நெஞ்சு படபடக்கிறதா? சிலருக்கு உப்பும் தண்ணீரும் கூடுதலாக எடுத்தால் இது குறையும். ஆனால் உயர் ரத்த அழுத்தம், இதயக் கோளாறு, சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் தாங்களாக உப்பைக் கூட்டவே கூடாது. முன்பு இருந்து இப்போது மாத்திரையில் கட்டுக்குள் இருந்தாலும் கூடாது. மற்றவர்களும் டாக்டரைக் கேட்டே தொடங்குங்கள். படுத்த நிலையிலும், பிறகு பத்து நிமிடம் நிற்க வைத்தும் நாடித்துடிப்பையும் ரத்த அழுத்தத்தையும் பார்க்கச் சொல்லுங்கள். நேரமில்லை என்று தட்டிக்கழித்தால் விடாதீர்கள்.