பென்சிலும் ஒரு ஜோடிச் செருப்பும்

கேள்வி: கதை எழுத வராதவர்கள்தானே விமர்சகர் ஆகிறார்கள்? நல்ல படைப்பு தானாகவே நிற்காதா?

பதில்: முதல் கேள்விக்கு சி.சு. செல்லப்பா ஒருவரே போதும். அசல் சிறுகதைக்காரர். 1959-இல் அவர் ‘எழுத்து’ இதழைத் தொடங்கியதே விமர்சனத்துக்கு ஓர் இடம் வேண்டும் என்றுதான். புதுக்கவிதை அங்கே வேர்பிடித்தது உபரி லாபம். விமர்சகர் க.நா.சு.வும் (க.நா. சுப்ரமண்யம்) நாவலாசிரியர்தான். கூடவே, நல்ல எழுத்தாளர்கள் இவர்கள்தான் என்று பட்டியல் போட்டுப் பகை சம்பாதித்தவர். (பட்டியல் எனக்கும் ஒவ்வாது. காரணம் சொல்லாத தீர்ப்பு பாதி வேலை.)

தானாக நிற்குமா? நச்சினார்க்கினியர் உரை இல்லாமல் பத்துப்பாட்டில் எத்தனை அடியை நீங்களும் நானும் தாண்டியிருப்போம், சொல்லுங்கள்.

என் வழக்கம் இது: முதல் வாசிப்பில் பென்சிலைத் தொடமாட்டேன். இரண்டாவதில், சறுக்கிய இடத்தில் கோடு போடுவேன். அண்மையில் படித்த கதையொன்றில் அப்பா இறந்த செய்தி வருகிறது. மகன் வாசலில் கிடக்கும் அவர் செருப்பை நேராக்கி வைக்கிறான். அங்கேயே நிறுத்தியிருக்கலாம். அடுத்த வரியில், ‘அவன் நெஞ்சு நொறுங்கியது’ என்று எழுத்தாளரே உள்ளே வந்துவிட்டார். செருப்பு சொன்னதை அந்த வரி அழித்துவிட்டது. இதைச் சுட்டுவதுதான் விமர்சனம். ‘நெஞ்சை நெகிழவைக்கும் கதை’ என்பதெல்லாம் பின்னட்டை வேலை.

நானும் சறுக்கியிருக்கிறேன். ஒரு நாவலை அவசரமாகப் படித்து, கதைசொல்லி வேண்டுமென்றே பொய் சொல்கிறான் என்பது பிடிபடாமல், ‘முரண்பாடுகள் மலிந்தது’ என்று எழுதிவிட்டேன். அடுத்த இதழிலேயே தப்பை ஒப்புக்கொண்டேன். அந்த நாவலாசிரியர் இன்றுவரை என்னோடு பேசுவதில்லை.