பழைய அனலாக் மிக்சரில் ஹம்மும் கரகரப்பும் வருகின்றன, சரிசெய்யலாமா, விற்றுவிடலாமா?

விற்க வேண்டாம். ஹம் என்ற தொடர் ரீங்காரத்தையும் கரகரப்பையும் ஒரே நோயாக எண்ணாமல் தனித்தனியாகப் பாருங்கள். பெரும்பாலும் ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் தொடர்பே இருக்காது. உங்களுடையது கோயில் திருவிழாக்களிலும் மண்டபங்களிலும் உழைத்த மிக்சர் என்ற ஊகத்தில் எழுதுகிறேன். டிஜிட்டல் மிக்சருக்கு நான் எதிரி அல்லன். வாடகைக்கு அதையும் வைத்திருக்கிறேன்.

வேலூரில் ஒலிபெருக்கித் தொழில் செய்கிறேன். என்னிடமுள்ள 16 சானல் கொண்ட இங்கிலாந்துத் தயாரிப்பு மிக்சரில், வைகாசி முதல் நாள் நடக்கும் குடியாத்தம் கெங்கையம்மன் சிரசுத் திருவிழா நெருங்கிய வேளையில் ஹம் தொடங்கியது. பார்க்க வந்த ரிப்பேர்காரர் பிளக்கின் எர்த் பின்னை நறுக்கிவிட்டுக் கூலி கேட்டார். ஹம் குறையவில்லை, கூலியும் குறையவில்லை. தொழிலில் இருப்பவர்கள் கோபித்துக்கொண்டாலும் சொல்வேன்: மைக்கைப் பிடித்துப் பாடுபவருக்கு ஷாக் அடிக்க வழிசெய்துவிட்டு அதற்கு ரிப்பேர் என்று பெயர் வைக்கக்கூடாது.

புதிய பிளக்கைப் பொருத்திய பிறகு, எல்லா கேபிள்களையும் கழற்றி, ஒலி அளவைக் கூட்டிக் குறைக்கும் ஃபேடர்கள் அனைத்தையும் இறக்கி, ஹெட்போனில் கேட்டேன். ஓசை அப்படியே இருந்தது. ஆகவே கோளாறு வெளியில் இல்லை. ஓசையின் அதிர்வெண்ணைக் காட்டும் கைபேசிச் செயலியில் பார்த்தபோது அது 100 ஹெர்ட்ஸில் நின்றது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். மாறுதிசை மின்சாரத்தை ஒருதிசையாக்கும் ரெக்டிஃபையரைக் கடக்கும்போது அது இரட்டிப்பாவதால், அதைச் சீராக்கும் பவர் சப்ளையின் ஃபில்டர் கெப்பாசிட்டர் சோர்ந்தால் 100 ஹெர்ட்ஸ் ஓசைதான் எழும். 50 மட்டுமே தூக்கலாகத் தெரிந்தால், எர்த் லூப்பையோ (கருவிகள் ஒன்றுக்கு மேற்பட்ட வழியில் எர்த் ஆவதையோ) டிரான்ஸ்ஃபார்மரை ஒட்டிச் செல்லும் கேபிளையோ சந்தேகிக்கலாம். திறந்து பார்த்தபோது இரண்டு கெப்பாசிட்டர்களின் தலை உப்பியிருந்தது. வெப்பம் 10 டிகிரி கூடினால் இந்த எலக்ட்ரோலிடிக் வகைக் கெப்பாசிட்டரின் ஆயுள் ஏறத்தாழப் பாதியாகும் என்பது கணக்கு. நம் ஊர் அக்னி நட்சத்திரத்தில் மூடிய பெட்டிக்குள் அதன் பாடு என்னவாகும் என்று நினைத்துப் பாருங்கள். 85 டிகிரி வெப்பம் வரை தாங்கும் ரகத்தை விட்டு 105 டிகிரி வரை தாங்கும் ரகத்தை வாங்குங்கள். பிளக்கைப் பிடுங்கிய பின்னும் அவற்றில் மின்சாரம் தேங்கியிருக்கும். மீட்டரால் அளக்காமல் கை வைக்காதீர்கள்.

கரகரப்புக்கு வருவோம். ஒரு சானல் விட்டுவிட்டுப் பேசினால், அதன் இன்சர்ட் ஜாக்கில் (வெளிக் கருவியை இடையில் இணைக்கும் துளையில்) ஒரு பிளக்கைப் பலமுறை செருகி எடுங்கள். எதுவும் செருகாதபோது சிக்னல் அந்த ஜாக்கின் உள் தகடுகள் வழியாகவே போகிறது. அங்கே களிம்பு ஏறினால் சானல் செத்ததுபோல் தோன்றும். ஃபேடருக்குக் கான்டாக்ட் கிளீனர் போதும். கதவுக் கீலுக்கு அடிக்கும் ஸ்பிரேயை அடித்தால் நம் ஊர்த் தூசி முழுவதும் அதில் ஒட்டிக்கொள்ளும். சுத்தம் செய்த பிறகும் கரகரத்தால் ஃபேடருக்கு டிசி (ஒருதிசை மின்சாரம்) கசிகிறதா என்று அளந்து பாருங்கள். கசிந்தால் குற்றம் அதற்கு முன்னுள்ள கெப்பாசிட்டரில் இருக்கக்கூடும்.

இன்னொன்று: ஒலியைப் பெருக்கும் டிஎல்072 ஐசிகளைக் கழற்றி என்இ5532 என்ற ஐசிகளைப் போட்டால் ஒலி மெருகேறும் என்று யாராவது கிளப்பிவிடுவார்கள். பின்னது ஏறக்குறைய மூன்று மடங்கு கரண்ட் இழுக்கும். எல்லா சானலிலும் மாற்றினால், ஏற்கெனவே சூட்டில் தவிக்கும் பவர் சப்ளைதான் அந்தச் சுமையைத் தாங்க வேண்டும்.