பரோட்டா மாஸ்டர் மகள் ஹோட்டல் மேனேஜ்மென்ட் படிக்கலாமா?

வணக்கம் அண்ணே.

"இருபத்தஞ்சு வருசமா கல்லுக்கு முன்னாடி நின்னு வெந்தது நான் ஒருத்தன் போதாதா, பாப்பாவும் வேகணுமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். பாப்பா +2 முடிக்கப் போகிறாள், ஹோட்டல் மேனேஜ்மென்ட்தான் என்று ஒற்றைக்காலில் நிற்கிறாள். சொந்தக்காரர்கள் நர்சிங் சேர்த்துவிடு, பி.காம். சேர்த்துவிடு என்று ஆளுக்கொன்று சொல்கிறார்கள். என் பதிலைக் கேட்டால், படிக்கட்டும். ஆனால் எங்கே படிக்கிறாள், எந்தப் பிரிவுக்குப் போகிறாள் என்பதில் உங்கள் பிடி தளரக் கூடாது.

சம்பளத்திலிருந்து ஆரம்பிக்கிறேன். ஏனென்றால் கல்லூரிக்காரர்கள் கடைசிவரை வாய் திறக்காத விஷயம் அதுதான். மதுரையில் கைப்பக்குவம் உள்ள பரோட்டா மாஸ்டர் நாளுக்கு ஆயிரம் ரூபாய்க்குக் குறையாமல் வாங்குகிறார். பட்டம் முடித்து, கோட்டுப் போட்டு ரிசப்ஷனில் நிற்கும் பிள்ளைக்கு இதே ஊரில் ஆரம்பச் சம்பளம் பெரும்பாலும் மாதம் 15,000 ரூபாயை ஒட்டித்தான் இருக்கும். முதல் சில வருடங்கள் மகளைவிட நீங்கள்தான் கூடுதலாகச் சம்பாதிப்பீர்கள். இதைக் கேட்டதும் "அப்புறம் எதுக்கு மூணு வருசப் படிப்பு?" என்று தோன்றும். உங்கள் கடையில் பி.எஃப். பிடிக்கிறார்களா? தோள்பட்டை பிடித்துக்கொண்டு பத்து நாள் படுத்தால் கூலி வருமா? பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில், மாதம் 21,000 ரூபாய் வரை வாங்குபவர்களுக்கு இ.எஸ்.ஐ. என்ற தொழிலாளர் காப்பீடு உண்டு. இருபது பேர் இருந்தால் பி.எஃப். கட்டியாக வேண்டும். பெரிய ஹோட்டலில் சேரும் பிள்ளைக்கு முதல் மாதத்திலிருந்தே இவை ஓடத் தொடங்கும். உங்கள் கூலி ஐம்பது வயதில் இறங்க ஆரம்பிக்கும், அவள் சம்பளம் அந்த வயதில் உச்சத்தில் இருக்கும். ஒப்பிடுவதாக இருந்தால் அந்த இரண்டையும் ஒப்பிடுங்கள்.

அடுத்து, இந்தத் தொழில் நிலைக்குமா என்ற சந்தேகம். கொரோனாவில் மூடிய கடைகளை நீங்களே பார்த்திருக்கிறீர்கள், அதனால் அந்தப் பயம் நியாயமானது. 2019-ல் இந்தியாவுக்கு 1 கோடியே 9 லட்சம் வெளிநாட்டுப் பயணிகள் வந்தார்கள். 2020-ல் 27 லட்சம். ஒரே வருடத்தில் முக்கால் பங்கு காணாமல் போனது. ஹோட்டல்களில் இருந்து அப்போது வெளியேறிய ஆட்கள் டெலிவரி, ஜவுளிக்கடை, ஃபைனான்ஸ் கம்பெனி என்று போனார்கள். பலர் திரும்பவே இல்லை. 2024-ல் வெளிநாட்டவர் எண்ணிக்கை மறுபடி 99 லட்சத்தைத் தாண்டியது. ஆனாலும் இடைவெளியை நிரப்பியவர்கள் நம் ஆட்கள்தான்: கோயிலுக்குப் போகிறவர்கள், கல்யாணத்துக்குப் போகிறவர்கள், கம்பெனி வேலையாகச் சுற்றுகிறவர்கள். கொரோனாவுக்கு முந்தைய 2019-லேயே தமிழ்நாட்டில் உள்நாட்டுச் சுற்றுலா வருகைகள் 49 கோடிக்கு மேல். நாட்டின் மொத்த உற்பத்தியில் சுற்றுலாவின் பங்கு ஏறத்தாழ 5 சதவீதம் என்பதும், நேரடியாகவும் மறைமுகமாகவும் 7 கோடிப் பேருக்கு மேல் அதில் பிழைக்கிறார்கள் என்பதும் மத்திய அரசின் கணக்கு. கூட்டம் திரும்பிவிட்டது, ஆட்கள் திரும்பவில்லை. இப்போது படிப்பில் சேரும் பிள்ளைக்கு அது நல்ல நேரம்.

நீங்கள் பார்த்த ஹோட்டலில் பணம் கல்லாப்பெட்டிக்கு வருவது சாப்பாட்டில் இருந்து. தங்கும் ஹோட்டலில் லாபம் பெரும்பாலும் அறையில்தான். சாப்பாட்டில் மளிகை, கேஸ், மாஸ்டர் கூலி எல்லாம் போக நிற்பது கொஞ்சம். அறையில் துணி மாற்றி, சுத்தம் செய்து, கரண்ட் கொடுத்தால் வாடகையின் பெரும்பகுதி மிச்சம். ஆனால் இன்று ராத்திரி காலியாகக் கிடந்த அறையை நாளைக்குச் சேர்த்து விற்க முடியாது. போனது போனதுதான். அதனால் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் முகூர்த்தத்துக்கு முதல் நாள் மல்லிகை விலை ஏறுவது மாதிரி அறை வாடகையும் தினம் ஏறி இறங்கும். சித்திரைத் திருவிழாவில் மேலப்பெருமாள் மேஸ்திரி வீதி லாட்ஜில்கூட அறை கிடைக்காது. கார்த்திகை, மார்கழியில் ஐயப்ப பக்தர்கள், அப்புறம் தை முகூர்த்தங்கள், வருடம் முழுக்க ராமேஸ்வரம் போகிற வழியில் மீனாட்சியைப் பார்க்க வரும் வடநாட்டவர். எந்த நாளுக்கு எந்த விலை, ஆன்லைன் புக்கிங்குக்கு எத்தனை அறை, நேரில் வருபவர்களுக்கு எத்தனை அறை என்று கணக்குப் போடுவதற்கென்றே பெரிய ஹோட்டல்களில் ரெவின்யூ மேனேஜர் என்று ஒரு பதவி உண்டு. அடுப்புப் பக்கமே போகாத வேலை. பாப்பாவுக்குக் கணக்கு நன்றாக வரும் என்று எழுதியிருந்தீர்கள், அதனால் சொல்கிறேன்.

மதுரையில் பசுமலையில் தாஜ் குழுமம் பல வருடமாக இருக்கிறது, மாரியட் குழுமமும் வந்துவிட்டது. 1903-ல் மும்பையில் முதல் தாஜ் ஹோட்டல் திறந்த காலத்தில் இது மகாராஜாக்களுக்கும் வெள்ளைக்காரர்களுக்குமான தொழில். 1971-ல் தமிழ்நாடு சுற்றுலா வளர்ச்சிக் கழகம் வந்தபோதுகூட நடுத்தரக் குடும்பம் ஊர் சுற்றினால் சொந்தக்காரர் வீட்டில்தான் தங்கும். இப்போது அந்தக் குடும்பம் அறை எடுக்கிறது. 2025 செப்டம்பர் 22-ல் இருந்து நாள் வாடகை 7,500 ரூபாய் வரை உள்ள அறைகளுக்கு ஜி.எஸ்.டி. 12-ல் இருந்து 5 சதவீதமாகக் குறைந்தது. நம் ஊர் அறைகளில் பெரும்பாலானவை அந்த வரம்புக்குள் வருபவை. மதுரைக்கும் பெங்களூருக்கும் வந்தே பாரத் ஓடுகிறது, புதிய பாம்பன் பாலம் 2025 ஏப்ரலில் திறந்தாகிவிட்டது, கீழடியில் அருங்காட்சியகம் இருக்கிறது. வருகிறவன் ஒரு ராத்திரி கூடுதலாகத் தங்க இவையெல்லாம் காரணம்.

அந்த ஒரு ராத்திரிக் காசு ஹோட்டலோடு நிற்பதும் இல்லை. படுக்கை விரிப்பு கரூரில் இருந்து வருகிறது, காய்கறி ஒட்டன்சத்திரத்தில் இருந்து, வாழை இலை சோழவந்தான் பக்கத்தில் இருந்து. சலவைக்காரர், ஆட்டோக்காரர், கோயில் வாசல் கைடு, பால்காரர் எல்லாருக்கும் அதில் ஒரு பங்கு. உங்கள் கடைக்கு ராத்திரி பதினொரு மணிக்குக் கொத்துப் பரோட்டா சாப்பிட வரும் வெளியூர்க்காரரும் ஏதோ ஒரு லாட்ஜில் அறை போட்டவர்தானே.

இனி படிப்பு. இதில் நான்கு பிரிவுகள் சொல்லித்தருவார்கள்: சமையல், உணவு பரிமாறுதல், ஃப்ரண்ட் ஆபீஸ் (ரிசப்ஷன் வேலை), ஹவுஸ்கீப்பிங் (அறைப் பராமரிப்பு). சமையலில் சேர்ந்தால் காமி என்ற உதவிச் சமையல்காரராக ஆரம்பித்து, ஒரு பகுதிக்குப் பொறுப்பான சி.டி.பி., துணைத் தலைவரான சூ ஷெஃப், மொத்தச் சமையலறைக்கும் தலைவரான எக்ஸிகியூட்டிவ் ஷெஃப் என்று படி ஏறும். அந்த வெக்கை உங்களுக்குத் தெரியும், நான் சொல்ல வேண்டியதில்லை. ஹவுஸ்கீப்பிங் என்றதும் வீட்டில் முகம் சுளிப்பார்கள், "கூட்டிப் பெருக்கவா படிக்க வைக்கிறோம்?" என்று. அந்த வேலையைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்க வேண்டும். கதவைத் தட்டி, குரல் கொடுத்து, பதில் வருகிறதா என்று நின்று, மறுபடி தட்டித்தான் உள்ளே போவார்கள். பழைய விரிப்பை உருவும்போதே கறை, கிழிசல், விருந்தாளி மறந்துவிட்டுப் போன மோதிரம், சார்ஜர் எல்லாம் கண்ணில் பட வேண்டும். புது விரிப்பை மெத்தையின் மூலையில் சாய்வாக மடித்து இழுத்துச் செருகினால் சுருக்கம் இருக்காது. குளியலறைக் கண்ணாடியை நேரே நின்று பார்த்தால் சுத்தமாகத்தான் தெரியும். சூப்பர்வைசர் பக்கவாட்டில் குனிந்து பார்ப்பார், அங்கேதான் ஈரத்துணி போன தடம் தெரியும். ஒரு முடி கிடந்தால் மொத்த அறையும் மறுபடி. பட்டம் முடித்தவர் சில வருடங்களில் இந்த வேலையை மேற்பார்க்கிறவர் ஆகிவிடுவார். துணிக் கணக்கு, சலவை ஒப்பந்தம், ஆள் கணக்கு எல்லாம் அவர் கையில். பெண்கள் துறைத் தலைமைக்கு ஏறி வரும் பிரிவு இது. பாப்பாவுக்கு நான் முதலில் காட்டுவது ஃப்ரண்ட் ஆபீஸ், அடுத்து இது.

ராத்திரி ஷிப்ட் பற்றி அண்ணி கவலைப்படுவதாக எழுதியிருந்தீர்கள். இருக்கும், மறைக்க மாட்டேன். தமிழ்நாட்டில் கடை, நிறுவனங்களை 24 மணி நேரமும் திறக்க அனுமதித்தபோதே, பெண்களை இரவு எட்டு மணிக்கு மேல் வேலைக்கு வைக்க எழுத்துமூலச் சம்மதம் வேண்டும், பாதுகாப்பும் போக்குவரத்தும் நிர்வாகத்தின் பொறுப்பு என்று நிபந்தனை போட்டார்கள். பத்துப் பேரோ அதற்கு மேலோ உள்ள இடத்தில் பாலியல் தொல்லைப் புகார்களுக்கான உள்ளகக் குழு இருந்தே ஆக வேண்டும், அது 2013-ஆம் வருடச் சட்டம். வேலையில் சேரும் நாளில் "ராத்திரி வண்டி உண்டா, கமிட்டியில் யார் இருக்கிறார்கள்?" என்று இரண்டையும் கேட்கச் சொல்லுங்கள். பதில் சொல்லத் தடுமாறும் இடம் வேண்டாம். ஷிப்டைவிட உடம்பை வாட்டுவது பிரேக் ஷிப்ட்: காலையில் நாலு மணி நேரம், மத்தியானம் சும்மா, சாயங்காலம் மறுபடி. பரிமாறும் பிரிவிலும் சமையலிலும் அது அதிகம். உட்கார இருக்கை தர வேண்டும் என்று 2021-ல் தமிழ்நாடு சட்டம் கொண்டுவந்தது, ஆனாலும் ரிசப்ஷனில் நாற்காலி போட்ட ஹோட்டலைத் தேடித்தான் பார்க்க வேண்டும்!

எங்கே சேர்ப்பது? முதல் குறி, மத்திய சுற்றுலா அமைச்சகத்தின் கீழ் வரும் தேசியக் கவுன்சிலோடு இணைந்த ஐ.எச்.எம். என்ற ஹோட்டல் மேனேஜ்மென்ட் கல்லூரிகள். சென்னை தரமணியில் ஒன்று, திருச்சி துவாக்குடியில் மாநில அரசின் ஒன்று. மூன்று வருட பி.எஸ்சி., +2-வில் எந்தக் குரூப் என்றாலும் பரவாயில்லை, ஆங்கிலம் ஒரு பாடமாக இருந்தால் போதும். என்.டி.ஏ. என்ற தேசியத் தேர்வு முகமை நடத்தும் என்.சி.எச்.எம். ஜே.இ.இ. நுழைவுத் தேர்வை எழுத வேண்டும். வினாத்தாள் ஆங்கிலத்திலும் இந்தியிலும் மட்டும்தான், கேள்விகளில் ஆங்கிலத்துக்குத்தான் பெரிய பங்கு. விண்ணப்பம் +2 பரீட்சைப் பரபரப்புக்கு நடுவில் வந்து போய்விடும், டிசம்பரில் இருந்தே என்.டி.ஏ. இணையதளத்தைப் பார்த்துக்கொண்டு இருங்கள். ஆதிதிராவிடர், பழங்குடியினர் பிள்ளைகளுக்கு மாநில அரசின் தாட்கோ நிறுவனம் செலவை ஏற்றுத் தரமணியில் படிக்கவைக்கும் திட்டமும் உண்டு, அந்த அறிவிப்பு தனியாக வரும்.

அது கிடைக்காவிட்டால் பல்கலைக்கழகத்தோடு இணைந்த கலைக்கல்லூரி பி.எஸ்சி. போதும். பாப்பா அரசுப் பள்ளியில் படித்தவள் என்பதால் புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாயும் வரும். வங்கிக் கடன் 4 லட்சம் வரை சொத்து ஈடு கேட்கக் கூடாது என்பது பொதுவான விதி. ஒரு வருட டிப்ளமோ, "நூறு சதவீத வேலை" என்று போஸ்டர் ஒட்டும் மாடிக் கட்டட இன்ஸ்டிட்யூட்டுகளை மட்டும் தள்ளியே வையுங்கள். எந்தக் கல்லூரியானாலும் பணம் கட்டும் முன் நீங்களே நேரில் போய்ப் பயிற்சிச் சமையலறையைப் பாருங்கள். அடுப்பு தினம் எரிகிறதா, பார்வையாளருக்காகப் பற்றவைத்ததா என்பது உங்கள் கண்ணுக்குத் தெரியாமல் போகாது. போன வருடம் முடித்த பிள்ளைகளில் இரண்டு மூன்று பேரிடம் பேச வேண்டும் என்று கேளுங்கள். ஹோட்டலுக்குப் பயிற்சிக்கு அனுப்பும் மாதங்களில் நான்கு பிரிவிலும் சுற்றவிடுகிறார்களா என்றும் கேளுங்கள். ஆள் பற்றாக்குறைக்குப் பயிற்சி மாணவர்களைத் தட்டுக் கழுவவே நிறுத்தும் இடங்கள் இருக்கின்றன.

கப்பல் வேலை, துபாய் வேலை என்று யாராவது இப்போதே பேச வந்தால் கதவைச் சாத்துங்கள். கப்பல் வேலைக்கு ஆள் எடுக்கும் ஏஜென்சிக்குக் கப்பல் துறை இயக்குநரகத்தின் ஆர்.பி.எஸ்.எல். உரிமம் வேண்டும், வேலை வாங்கித்தர அவர்கள் பணம் கேட்பதே சட்டவிரோதம். வளைகுடா ஏஜென்ட் என்றால் மத்திய அரசின் இ-மைகிரேட் தளத்தில் பதிவு எண் இருக்கிறதா என்று பாருங்கள். சட்டப்படி அவர்கள் வாங்கக்கூடிய கட்டணம் 30,000 ரூபாயும் அதற்கான ஜி.எஸ்.டி.யும்தான். இரண்டு லட்சம், மூன்று லட்சம் கேட்கிறவரிடம் ரசீது கேட்டுப் பாருங்கள்.

இந்த வாரத்தில் இருந்து பாப்பா செய்ய வேண்டியது ஆங்கிலம்தான். தினம் அரை மணி நேரம் சத்தமாகப் படிக்கட்டும், தப்பாக இருந்தாலும் பேசட்டும். இந்தி நாலு வார்த்தை வந்தால் நம் ஊர் ஹோட்டலில் அது கூடுதல் மதிப்பு. பத்தாம் வகுப்பு முடித்திருக்கிறாள் என்பதால் பாஸ்போர்ட் எடுத்தால், சில நாடுகளுக்கு வேலைக்குப் போகும் முன் அரசு அனுமதி வாங்க வேண்டும் என்று சொல்லும் குடியேற்றச் சோதனை (இ.சி.ஆர்.) முத்திரை இல்லாமலே வரும். மண்டல அலுவலகம் மதுரையிலேயே இருக்கிறது. பெயர், இனிஷியல் எல்லாம் பத்தாம் வகுப்புச் சான்றிதழில் உள்ளபடியே இருக்கட்டும், ஆதாரில் வேறு மாதிரி இருந்தால் இப்போதே திருத்திவிடுங்கள். சாதிச் சான்று, வருமானச் சான்று இரண்டையும் இ-சேவையில் வாங்கி வைத்துவிட்டுக் கூப்பிடுங்கள், விண்ணப்பம் போடும் நாளில் நானும் கூட இருக்கிறேன்.