தாவோவும் எரியும் தாளும்

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். பதினோரு ஆண்டுகளாகச் சிங்கப்பூரில் வசிக்கிறேன். லாவோட்சு எழுதியதாகச் சொல்லப்படும் ‘தாவோ தே ஜிங்’ என்ற பழஞ்சீன நூலை வாசித்தபோது, கடவுளும் சடங்கும் இல்லாத தூய தத்துவம் ஒன்று கிடைத்துவிட்டதாக மகிழ்ந்தேன். ஆனால், சென்ற ஆண்டு சீனர்கள் ஆவிகளுக்குப் படையலிடும் ஏழாம் மாதத்தில் எங்கள் வீவக அடுக்குமாடி புளோக்குக்குக் கீழே கூடாரம் போட்டு, மேளமும் தாளமும் முழங்க, பூசகர் ஒருவர் நீண்ட தாளை வாசித்து முடித்து எரித்ததைப் பார்த்தேன். அவர் தாவோ குரு என்று பக்கத்து வீட்டுப் பெரியவர் சொன்னார். தெலுக் ஆயர் தெருவில் உள்ள தியான் ஹோக் கெங் ஆலயத்திலும் கடலன்னை மாசுவையும் வேறு பல தெய்வங்களையும் கண்டேன். லாவோட்சுவின் சிந்தனை எப்போது, யாரால் இப்படிச் சீரழிந்தது? இன்னோர் ஐயம்: ‘வூ வெய்’ என்பதைச் ‘செயலின்மை’ என்கிறார்கள். சும்மா இருப்பதை ஒரு தத்துவம் எப்படிப் போதிக்க முடியும்?

எஸ்.,
சிங்கப்பூர்

அன்புள்ள எஸ்.,

‘சீரழிந்தது’ என்ற சொல்லிலிருந்தே தொடங்குகிறேன். கோயில் பூசகர்களை இளக்காரமாகப் பார்த்த கன்பூசியப் படிப்பாளிகளும், 19ஆம் நூற்றாண்டில் சீனாவுக்குச் சென்ற ஐரோப்பியப் பாதிரிமார்களும் நமக்கு விட்டுச்சென்ற சொல் அது. லாவோட்சு ஒரு ஞானி, அவர் பெயரால் நடப்பதெல்லாம் மூடநம்பிக்கை என்ற கணக்கு இருசாராருக்கும் வசதியாக இருந்தது. சீன மொழியில் தாவோஜியா, தாவோஜியாவோ என இரண்டு சொற்கள் உண்டு என்பதும், முன்னது சிந்தனையையும் பின்னது சமயத்தையும் குறிப்பதாகப் பிரிப்பது வழக்கம் என்பதும் உண்மைதான். ஆனால் தாவோஜியா என்பது லாவோட்சு தமக்குச் சூட்டிக்கொண்ட பெயர் அன்று, கி.மு. 110இல் இறந்த அரசவை வரலாற்றாளர் சீமா தான், தமக்கு முந்தைய சிந்தனைகளை ஆறு மரபுகளாக வகைப்படுத்தியபோது அவற்றில் ஒன்றுக்கு இட்ட பெயர்.

லாவோட்சுவே நமக்கு உறுதியாகக் கிடைப்பவர் அல்லர். சீமா தானின் மகன் சீமா சியென் எழுதிய வரலாற்றில் அவருடைய வாழ்க்கைக் குறிப்பு உள்ளது. சூ நாட்டில் பிறந்தவர், சோவ் அரசவையின் ஆவணக் காப்பாளர், கன்பூசியஸ் வந்து சந்தித்த மூத்தவர், நாடு சீர்குலைவதைக் கண்டு மேற்கு நோக்கிப் புறப்பட்டவர், எல்லைக் கணவாயின் காவலர் கேட்டுக்கொண்டதற்காக ஐயாயிரம் எழுத்துகளில் இரண்டு பாகங்களாக ஒரு நூலை எழுதிக் கொடுத்துவிட்டு மறைந்தவர் என்றெல்லாம் சொல்லிவிட்டு, அதே குறிப்பில் வேறு இருவரின் பெயர்களையும் தந்து, இவர்களில் யார் லாவோட்சு என்று உலகில் எவருக்கும் தெரியாது என்று சீமா சியெனே கைவிரித்துவிடுகிறார். இந்த நேர்மை எனக்குப் பிடித்திருக்கிறது. 1993இல் ஹூபெய் மாகாணத்தின் குவோதியெனில், ஏறக்குறைய கி.மு. 300ஐச் சேர்ந்த கல்லறை ஒன்றில் கிடைத்த மூங்கில் பட்டைகளில், இன்று நாம் 81 அதிகாரங்களாக வாசிக்கும் நூலின் ஐந்தில் இரண்டு பங்கு அளவே, வேறு வரிசையில் இருந்தது. ஒருவர் ஒரே இருப்பில் எழுதிக் கொடுத்த நூலாக அது தோன்றவில்லை. பலர் கைப்பட்டு வளர்ந்த நூலாகவே தோன்றுகிறது.

அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன், 1973இல், சாங்ஷா நகரை ஒட்டிய மாவாங்துய்யில் மூன்றாம் எண் கல்லறையைத் திறந்தார்கள். கி.மு. 168இல் மூடப்பட்ட அந்தக் கல்லறையில் பட்டுத் துணியில் எழுதிய லாவோட்சு நூலின் இரண்டு படிகள் இருந்தன. அதே கல்லறையில் மருத்துவச் சுவடிகளும், நாற்பத்து நான்கு மனித உருவங்கள் கைகளை நீட்டியும் இடுப்பை வளைத்தும் உடற்பயிற்சி செய்வதைக் காட்டும் வண்ண ஓவியம் ஒன்றும் இருந்தன. தத்துவ நூலையும் உடலைப் பேணும் பயிற்சிப் படத்தையும் ஒரே மனிதருக்குத் துணையாக வைத்தவர்களுக்கு அவை இரண்டும் இரு வேறு உலகங்களாகப் பட்டிருக்காது.

தாவோ என்றால் வழி. இந்தச் சாதாரணச் சொல் ஒருமுறை பெரும் சச்சரவுக்குக் காரணமாயிற்று. கி.பி. 647இல், காமரூபத்து (இன்றைய அசாம் பகுதி) அரசருக்காக லாவோட்சு நூலைச் சமஸ்கிருதத்தில் பெயர்க்கும்படி தாங் பேரரசர் தைசோங் ஆணையிட்டார். பணியில் சேர்க்கப்பட்ட தாவோ அறிஞர்கள் தாவோவைப் ‘போதி’, அதாவது மெய்ஞ்ஞானம், என்று பெயர்க்க விரும்பினார்கள். நம் பாடநூல்களில் வரும் அதே யுவான் சுவாங், அது ‘மார்க்கம்’தான் என்று பிடிவாதமாக நின்றார். அந்த மொழிபெயர்ப்பு இன்று கிடைக்கவில்லை. பெயர்க்கும் பொறுப்பு எனக்கு வந்திருந்தால் ‘ஆறு’ என்று எழுதியிருப்பேன். பழந்தமிழில் வழிக்கும் அதுவே சொல், நீரோட்டத்துக்கும் அதுவே சொல். எல்லாவற்றுக்கும் நன்மை செய்து, எதனோடும் போட்டியிடாமல், எல்லாரும் வெறுக்கும் பள்ளத்தில் போய்த் தங்குவதால் நீர் தாவோவுக்கு நெருக்கமானது என்று எட்டாம் அதிகாரம் சொல்வதை அந்த ஒரு சொல்லே பாதி சொல்லிவிடும்.

இனி வூ வெய். ‘செயலின்மை’ தவறான மொழிபெயர்ப்பு என்பதே என் கருத்து. ‘வலிந்து செய்யாமை’ என்றால் ஓரளவு நெருங்கலாம். லாவோட்சுவுக்கு அடுத்துப் பேசப்படும் தாவோ சிந்தனையாளர் சுவாங்ட்சுவின் பெயரால் வழங்கும் நூலின் மூன்றாம் அதிகாரத்தில் திங் என்ற சமையற்காரர் தம் பிரபுவின் முன்னால் ஒரு மாட்டை அறுக்கிறார். கையும் தோளும் காலும் முழங்காலும் ஒரு தாளத்தில் இயங்க, கத்தியின் ஒலி நடனத்துக்குரிய இசைபோல இருக்கிறது. பிரபு வியக்கிறார். திங் சொல்கிறார்: தொழிலுக்கு வந்த புதிதில் கண்ணுக்கு முழு மாடுதான் தெரிந்தது, மூன்றாண்டுகளுக்குப் பின் முழு மாடு தெரியவில்லை. நல்ல சமையற்காரர் வெட்டுவதால் ஆண்டுக்கு ஒரு கத்தி மாற்றுகிறார். சாதாரணமானவர் கொத்துவதால் மாதத்துக்கு ஒன்று மாற்றுகிறார். திங்கின் கத்திக்கு வயது பத்தொன்பது, ஆயிரக்கணக்கான மாடுகளை அறுத்தும் இப்போதுதான் சாணை பிடித்ததுபோல இருக்கிறது. மூட்டுகளுக்கு இடையே இடைவெளி உண்டு, கத்தியின் கூருக்குத் தடிமன் இல்லை. தடிமன் இல்லாததை இடைவெளிக்குள் விட்டால் உலாவ இடம் தாராளமாக இருக்கும் என்பது அவர் கணக்கு. அதன் பிறகு அவர் சொல்வதைத்தான் பலரும் வாசிக்காமல் தாண்டிவிடுகிறார்கள். நரம்பும் எலும்பும் பின்னிக் கிடக்கும் சிக்கலான இடம் வரும்போதெல்லாம் தாம் அஞ்சி, எச்சரிக்கையாகி, பார்வையை நிறுத்தி, கையை மெதுவாக்கி, கத்தியை மிக நுட்பமாக அசைப்பதாகவும், அப்போது இறைச்சி மண்கட்டி உதிர்வதுபோலத் தரையில் விழுவதாகவும் சொல்கிறார். இந்த மனிதரைப் பார்த்துச் சும்மா இருக்கிறார் என்று யார் சொல்வார்கள்?

இதைக் கேட்ட பிரபு, தொழில் நுணுக்கத்தைக் கற்றுக்கொண்டதாகச் சொல்லவில்லை. ‘உயிரைப் பேணுவது எப்படி என்று கற்றுக்கொண்டேன்’ என்கிறார். தூய தத்துவம் என்றே பலரும் நினைக்கும் இந்தச் சுவாங்ட்சு நூலில் இப்பேச்சு வேறு இடங்களிலும் வருகிறது. அதன் முதல் அதிகாரத்திலேயே, தானியம் உண்ணாமல் காற்றையும் பனியையும் பருகி மேகத்தின் மேல் ஏறிச் செல்லும் மலைவாசி ஒருவர் வருகிறார். பிற்காலத்தில் கோயில் கொண்ட, சாகாநிலை பெற்ற அமரர்களின் சாயல் அவரிடம் இருக்கிறது.

தத்துவத்தைப் பற்றி ஒரு மனத்தாங்கலும் எனக்கு உண்டு. பெரிய நாட்டை ஆள்வது சின்ன மீன் சமைப்பதுபோல, அடிக்கடி கிண்டினால் உடைந்துவிடும் என்ற 60ஆம் அதிகாரத்தை எல்லாரும் மேற்கோள் காட்டுகிறார்கள். மக்களின் மனத்தைக் காலியாக்கு, வயிற்றை நிரப்பு, அவர்களை அறிவும் ஆசையும் இல்லாமல் வைத்திரு என்று மூன்றாம் அதிகாரம் ஆள்பவனுக்குச் சொல்வதை அவ்வளவாக யாரும் எடுப்பதில்லை. உரைகாரர்கள் அதற்கு எவ்வளவு நயம் சொன்னாலும், அந்த வரி எனக்கு உறுத்தாமல் இருந்ததில்லை.

நீங்கள் பார்த்த தாளுக்கு வருகிறேன். கி.பி. 142இல் சிச்சுவான் பகுதியின் மலை ஒன்றில், தெய்வமாகிவிட்ட லாவோட்சு தம் முன் தோன்றியதாக ஜாங் தாவோலிங் அறிவித்தார். சேருகிறவர்கள் ஐந்து படி அரிசி தரவேண்டும் என்பதால் ‘ஐந்து படி அரிசி நெறி’ என்று வெளியார் கேலியாக அழைத்த அந்த அமைப்பு, விண்குருமார் மரபாக இன்றும் தொடர்கிறது. அங்கே நோயாளி தனியறையில் அமர்ந்து தன் குற்றங்களை நினைத்துப் பார்க்க வேண்டும். அவர் பெயரையும் குற்றத்தையும் மூன்று நகல்களாக எழுதி, விண்ணுக்கு உரியதை மலைமேல் வைத்து, மண்ணுக்கு உரியதைப் புதைத்து, நீருக்கு உரியதை நீரில் அமிழ்த்துவார்கள். சிறு குற்றம் செய்தவர் நூறு காலடித் தொலைவுக்குச் சாலையைச் செப்பனிட்டால் குற்றம் நீங்கும். சாலைக்கு அவர்கள் வழங்கிய சொல்லும் தாவோதான். அந்தக் குழுவினர் ஓதவேண்டிய நூலாக வைத்திருந்தது எது தெரியுமா? லாவோட்சுவின் ஐயாயிரம் எழுத்துகள். உங்கள் புளோக்குக்குக் கீழே எரிந்த தாள், எழுத்து மூலம் மேலுலகுக்கு விண்ணப்பிக்கும் அந்த வழக்கத்தின் வாரிசு.

இதனால் நடந்ததையெல்லாம் நான் நியாயப்படுத்துவதாக எண்ண வேண்டாம். பௌத்தத்திடமிருந்து கர்மத்தையும் மறுபிறப்பையும் துறவு மடத்தையும் வாங்கிக்கொண்ட தாவோ சமயம், தாங் பேரரசர் வூசோங் காலத்தில், 845இல், பௌத்த மடங்களை இடிப்பதற்கு உடந்தையாகவும் இருந்தது. மறு ஆண்டே வூசோங் தாவோ ரசவாதிகள் கொடுத்த சாகாமருந்தால் உடல் கெட்டு இறந்தார். சாதிலிங்கமும் பாதரசமும் அப்படிப் பல பெரிய மனிதர்களைக் கொண்டுபோயின. ஆனால் அதே சமயத்தின் துறவியான சியூ சூஜி, எழுபது வயதைக் கடந்த நிலையில் இந்துகுஷ் மலைப்பக்கம் வரை பயணம் செய்து 1222இல் செங்கிஸ்கானைச் சந்தித்தார். சாகாமருந்து கொண்டுவந்திருக்கிறீரா என்று கான் கேட்டபோது, உயிரைப் பேணும் வழிகள் உண்டு, சாகாமல் இருக்க மருந்து இல்லை என்று முகத்துக்கு நேரே சொன்னார். திங்கிடம் பிரபு கற்றுக்கொண்டதும் அதுதான்.

வரும் ஏழாம் மாதத்தில் அந்தக் கூடாரத்துக்குக் கொஞ்சம் முன்னதாகவே போங்கள். எரிப்பதற்கு முன் குரு அந்தத் தாளை நிதானமாக வாசிப்பார். பணம் கொடுத்த வீட்டாரின் பெயர்கள் அதில் வரிசையாக இருக்கும். பக்கத்து வீட்டுப் பெரியவரை உடன் அழைத்துச் சென்றால், அவருடைய பெயர் வரும்போது உங்களுக்குக் காட்டுவார்.

அன்புடன்,
ஆசிரியர்