பெர்பெத்துவாவின் கணவர் பாத்திரம் பற்றி

வணக்கம். ஆலய நாடகத்தில், கிறிஸ்தவ விசுவாசத்துக்காக உயிர்விட்ட பெர்பெத்துவாவின் கணவருக்கு என்ன வசனம் எழுதுவது என்று கேட்டிருக்கிறீர்கள். அந்தப் பாத்திரத்தையே விட்டுவிடலாம். கி.பி. 203இல் வட ஆப்பிரிக்காவின் கார்த்தேஜ் நகரச் சிறையில் பெர்பெத்துவா எழுதிய குறிப்பில் கணவரைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

நாடகத்தின் உயிர் அப்பாவிடம்தான் இருக்கிறது. அவர் கிறிஸ்தவர் இல்லை. விசுவாசத்தை விட்டுவிடும்படி, தன் நரைமுடிக்காவது இரங்கச் சொல்லி மகளின் கைகளை முத்தமிட்டுக் கெஞ்சுகிறார், காலில் விழுகிறார். ரோம ஆளுநர் அவரைப் பிரம்பால் அடிக்க வைத்தபோது, தானே அடிபட்டதுபோல் மகள் துடித்துப்போகிறார். தயவுசெய்து அவரை வில்லனாக்கிவிடாதீர்கள்.

அப்புறம், பெர்பெத்துவாவின் பால்குடிக் குழந்தை. சிறையிலேயே பாலூட்டியிருக்கிறார். பெலிசித்தா என்ற அடிமைப் பெண் அங்கே பெற்ற மகளை ஒரு கிறிஸ்தவப் பெண் தன் பிள்ளையாகவே வளர்த்தார். அந்தக் காட்சியைக் கட்டாயம் வையுங்கள்.